கடைசி எபிசோட்டில் சரோஜா அக்கா

பழைய டீவி சூடேறினால் தூசு கருகுவது போல ஒரு வாசம் வரும்... ஞாயிறு பின்னேரங்களில் கண்டிக்குப் பக்கத்து மடவளையில் எங்கள் முன் அறைக்கு அதுதான் வாசம்.

அப்போது ஒரு வெளிநாட்டு சரித்திர நாடகம் ஓடியது. வயதான ஒரு சர்வாதிகாரி. அவருக்குப் பிறகு பதவி யாருக்கு என்று தளபதியும் மந்திரிகளும் ஒருவரையொருவர் கவிழ்ப்பார்கள். கீழே சிங்கள சப்டைட்டில். ஓடும் எழுத்தைப் பிடித்து நான் தமிழில் சொல்லச் சொல்ல, உம்மாவும் பக்கத்து வீட்டு சரோஜா அக்காவும் கேட்டுக்கொண்டிருப்பார்கள்.

அக்காவின் புருஷன் கண்டி மார்க்கெட்டில் மரக்கறி விற்றவர். ஆட்கள் காணாமல் போன அந்தக் கெட்ட காலத்தில், பஸ்ஸுக்கு நின்றவரை ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனார்கள். அவ்வளவுதான்... அவரைத் தேடி அக்கா ஏறி இறங்காத ஆர்மி கேம்ப் இல்லை.

எங்களுக்கு யார் ஜெயிப்பது என்ற கவலை. அக்காவுக்கு அது இல்லை. ஒரு மந்திரி விழுந்தால் அவனுடைய ஆட்களை லொறியில் ஏற்றுவார்கள். உடனே காட்சி அரண்மனைக்குப் போய்விடும்.

"அவங்கள எங்க கொண்டு போறாங்கன்னு காட்டவே மாட்டேங்கிறாங்களே தங்கச்சி" என்பார்.

கடைசி எபிசோட்டில் சர்வாதிகாரி விழுந்தார். சிறையைத் திறந்துவிட்டார்கள். தாடியும் மெலிந்த உடம்புமாக ஆட்கள் வெளியே வந்தார்கள். அக்கா கதிரையை விட்டு எழும்பி, டீவிக்கு முன்னால் தரையில் உட்கார்ந்து, ஒவ்வொரு முகமாகப் பார்த்தார்.

ஆட்கள் வருவது நின்றது. கீழே இரண்டு வரி ஓடியது.

"என்ன போட்டிருக்கு?"

மற்றவர்களுக்கு என்ன நடந்தது என்று இன்றுவரை யாருக்கும் தெரியாது... அதுதான் எழுதியிருந்தது. நான் உம்மாவைப் பார்த்தேன்.

உம்மாதான் சொன்னார்.

"இன்னும் ஆக்கள் வர ஈக்காங்கண்டு போட்டீக்கி."

இன்னும் ஆட்கள் வருவார்கள் என்று கேட்டதும் அக்கா சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு வீட்டுக்குப் போனார்.

அவர் புருஷன் வரவே இல்லை.

இப்போது அந்த நாடகம் போனிலேயே கிடைக்கிறது, தமிழ் சப்டைட்டிலோடு. என் மகள் காதில் இயர்போன் மாட்டிக்கொண்டு தனியாகப் பார்க்கிறாள். யாரும் யாருக்கும் வாசித்துச் சொல்லத் தேவையில்லை...

போன வருடம் உம்மா மவுத்தாகி அடக்கம் செய்த அன்று சரோஜா அக்கா வந்திருந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. என் கையைப் பிடித்துக்கொண்டு மெதுவாகச் சொன்னார்.

"உங்க உம்மாவுக்கு சிங்களம் வாசிக்க வராதுன்னு எனக்கு அன்னைக்கே தெரியும் தங்கச்சி. ஆனா அவங்க சொன்னத வச்சிக்கிட்டுதான் கொஞ்ச நாளாவது தூங்கினேன்."