‘விதவை’ என்று எழுத மாட்டேன்

சீனச் சண்டை முடிந்த மறு வருடம் நடந்தது இது. அப்போது நானும் என் மகளும் பூனாவில், கிர்க்கி பஜாரை ஒட்டிய ஒரு வரிசை வீட்டில் குடியிருந்தோம். ரயிலில் போகிற தூரத்தில் ராணுவத்தின் வெடிமருந்துக் கிடங்கு ஒன்று இருந்தது. எந்தக் கிடங்கு என்று கேட்காதீர்கள், சொல்ல மாட்டேன். நாங்கள் ‘டிப்போ’ என்போம். சண்டைக்குப் பிறகு அங்கே நிறைய ஆள் எடுத்தார்கள். கூடாரத் துணி தைக்கிற பகுதியில் பெண்களுக்கும் வேலை இருந்தது. எனக்குத் தையல் கைவந்த கலை. திருநெல்வேலிப் பக்கத்து மிஷன் பள்ளிக்கூடத்தில் எட்டாவது வரை படிப்பும் உண்டு. அவர்கள் வைத்த பரீட்சையில் கித்தானைத் தைத்துக் காட்டியதும், எடுத்துக்கொண்டோம் என்றார்கள். அன்று சாயங்காலமே மகளுக்கு ஜிலேபி வாங்கிக் கொடுத்தேன். அவசரக்குடுக்கை நான். வேலை கிடைத்தால் போதாது, கேட்டைத் தாண்ட பாஸ் வேண்டும் என்பதே எனக்குத் தெரியாது.

பாஸ் என்றால் லேசில் இல்லை. போட்டோ, கைரேகை, போலீஸ் விசாரணை எல்லாம் முடிந்து, செக்யூரிட்டி ஆபீசர் கையெழுத்துப் போட வேண்டும். மாதக் கடைசிக்குள் பாஸ் வராவிட்டால் வேலை அடுத்தவளுக்குப் போய்விடும். அதற்கான தாளில் கல்யாணமாகாதவள், கல்யாணமானவள், விதவை என்று மூன்று கட்டம் போட்டிருந்தார்கள். நான் இந்த மூன்றிலும் சேராதவள்.

என் கணவர் கிர்க்கி பஜாரிலேயே ஒரு ரொட்டிக் கடையில் வேலை பார்த்தவர். மகள் சின்னக் குழந்தையாக இருந்தபோது ஒரு நாள் டிரங்குப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு, “பம்பாய் ஹார்பர்ல ஆள் எடுக்காவ. அங்க பாஸ் கிடைச்சதும் காயிதம் போடுதேன், நீ பிள்ளையக் கூட்டிட்டு வந்துரு” என்று சொல்லிவிட்டுப் போனார். போனவர் போனவர்தான். ஒரு கடிதம் இல்லை. நானும் ஒரு தடவை பம்பாய்க்குப் போய்த் தேடினேன். துறைமுகத்து வாசலிலேயே, பாஸ் இல்லாமல் உள்ளே விட முடியாது என்று விரட்டிவிட்டார்கள். அங்கே வேலை பார்க்கிற எங்கள் ஊர்க்காரர் ஒருவர் விசாரித்துவிட்டு, இந்தப் பெயரில் யாருமே இல்லை என்றார். அதற்கப்புறம் பஜார் டெய்லர்களுக்குப் பித்தான் கட்டியும் காஜா எடுத்தும் பிள்ளையை வளர்த்தேன். கண் போய்விடும் போலிருந்தது. மகளைப் பள்ளிக்கூடத்தில் தொடர்ந்து வைக்க வேண்டுமானால் டிப்போ வேலை எனக்குக் கிடைத்தே ஆக வேண்டும்.

பாஸ் ஆபீசில் ஒரு குமாஸ்தா இருந்தார். எங்கள் ஊர்ப் பக்கத்து மனிதர், ஞாயிற்றுக்கிழமை கோயிலில் எங்களோடு சேர்ந்து பாட்டுப் படிக்கிறவர். தாளைப் பார்த்ததும் உதட்டைப் பிதுக்கினார்.

“ஏம்மா, கல்யாணமானவன்னு போட்டிருக்க. மாப்பிள்ள விலாசம் எங்க?”

“தெரியாது அண்ணாச்சி.”

“தெரியாதுன்னு எழுதினா பாஸ் வராது தாயி. புருஷனையும் விசாரிச்சுட்டுத்தான் கொடுப்பாவ. நான் சொல்லுதத கேளு, ‘விதவை’ன்னு எழுதிரு. ஒரு வார்த்தைதான? பாவம்னு சீக்கிரமாக் கையெழுத்துப் போட்டுருவாவ.”

“அவிய செத்தது எனக்குத் தெரியாதே!”

“உயிரோட இருக்கதும் தெரியாதுல்லா?”

நல்ல மனுஷன், என் நல்லதுக்குத்தான் சொன்னார். தாளை மடித்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

அடுப்பைப் பற்ற வைத்துவிட்டு யோசித்தேன். விதவை என்று எழுதினால் தாலியைக் கழற்ற வேண்டும். அது போனால் போகட்டும், அந்தத் தாலி எனக்கு ஒரு வேளைச் சோறு போட்டதில்லை. ஆனால் கோயில் பெண்கள் வந்து என்னைக் கட்டிக்கொண்டு அழுவார்கள். அவருக்காக ஜெபம் பண்ணுவார்கள். ‘தங்கமான மனுஷன், அல்பாயுசுல போயிட்டாரே’ என்பார்கள். அதை நினைத்தபோதுதான் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஓடிப்போன ஆளுக்கு நான் எதற்கு நல்ல பெயர் வாங்கிக் கொடுக்க வேண்டும்? என் மகள், செத்துப்போன ஒரு தங்கமான அப்பாவை நினைத்து அழுதுகொண்டே வளர வேண்டுமா? விட்டுவிட்டுப் போனவர் அவர். பொய் எழுதிக் கூனிக் குறுக வேண்டியது நானா? முடியாது என்று முடிவு பண்ணினேன். அந்த மூன்று கட்டத்துக்கும் கீழே, கணவர் என்னை விட்டுவிட்டுப் போய்விட்டார், எங்கே என்று தெரியாது என்று எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் பெரிய எழுத்தில் எழுதினேன்.

மறுநாள் அதைப் பார்த்துக் குமாஸ்தா தலையில் கை வைத்துக்கொண்டார். என்னைச் செக்யூரிட்டி ஆபீசர் முன்னால் கொண்டு நிறுத்திவிட்டு வெளியே போய்விட்டார். ஆபீசர் வயதான பஞ்சாபிக்காரர். அவரிடம் நான் பேசியது பஜார் இந்தி. அதைத் தமிழில் சொல்கிறேன்.

“உன் புருஷன் எங்கே?” என்றார்.

“நீங்க கண்டுபிடிச்சா எனக்கும் சொல்லுங்க ஸாப். எனக்கும் அவர்கிட்ட கேக்க வேண்டியது நிறைய இருக்கு.”

அவர் சிரிக்கவில்லை. பம்பாய்த் துறைமுகத்துக்கென்று கிளம்பிப் போனதைச் சொன்னேன். துறைமுகத்துக்குப் போனவன் கப்பலேறிப் போயிருந்தால்? எந்த நாட்டில், யாருக்கு வேலை செய்கிறானோ? நாளைக்கு உனக்குக் கடிதம் எழுதி, டிப்போவுக்குள் என்ன இருக்கிறது என்று கேட்டால் என்ன செய்வாய் என்றார். அவர் கேட்டதிலும் தப்பில்லை. சண்டை முடிந்த சூடு இன்னும் ஆறாத நேரம்.

“பிள்ளைக்குக் காய்ச்சல்ல ஜன்னி கண்டு கிடந்தப்ப ஒரு வரி எழுதாத ஆளு, வெடிகுண்டக் கேட்டா எழுதப் போறாரு?” என்றேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். என் நாக்கு நிற்கவில்லை. “ஸாப், பொய் எழுதினா தண்டனைன்னு இதே தாளோட அடியில அச்சடிச்சிருக்கீங்க. புருஷன் செத்துட்டாருன்னு நான் பொய் எழுதியிருந்தா உடனே உள்ள விட்டிருப்பீங்க. உண்மைய எழுதினேன், வெளிய நிக்க வைக்கிறீங்க. வெடிமருந்து பக்கத்துல வேலை செய்ய உங்களுக்கு எப்படிப்பட்ட ஆளு வேணும்?”

“உனக்கு வாய் அதிகம்” என்றார்.

“வாய்தான் ஸாப் எனக்குத் துணை.”

தாளின் ஓரத்தில் என்னவோ குறித்துக்கொண்டார். பிறகு, போலீஸ்காரர் வந்து அக்கம்பக்கத்தில் விசாரிப்பார், பக்கத்து வீட்டார் சொல்வதை வைத்துத்தான் முடிவு செய்வேன் என்று சொல்லி அனுப்பிவிட்டார். அந்தக் கடைசி வார்த்தையில்தான் வந்தது வம்பு. ஏனென்றால் என் பக்கத்து வீட்டுக்காரிக்கும் எனக்கும் ஏழாம் பொருத்தம்.

அவள் மராட்டியப் பெண், என்னைவிடப் பெரியவள். வரிசையில் எல்லோரும் ‘மாவுஷி’ என்று கூப்பிடுவோம், சித்தி மாதிரி. எங்கள் வரிசைக்கே ஒரு குழாய்தான். மாவுஷி விடிவதற்கு முன்பே ஒரு செங்கல்லைக் குழாயடியில் வைத்துவிட்டுப் போய்ப் படுத்துக்கொள்வாள். கல் இருந்தால் ஆள் இருப்பதாகக் கணக்காம். நான் விடுவேனா? “ஆளு வந்து நின்னாத்தான் தண்ணி” என்று கல்லைக் காலால் தள்ளிவிட்டுக் குடத்தை வைப்பேன். அவள் மராட்டியில் என் ஏழு தலைமுறையை இழுப்பாள். நான் எனக்குத் தெரிந்த வரைக்கும் மராட்டியில் திட்டிவிட்டு, மிச்சத்தைத் தமிழில் முடிப்பேன். தினமும் நடக்கிற திருவிழா இது. போலீஸ்காரர் வந்த அன்று காலையிலும், நான் தள்ளிய கல் உருண்டு போய் அவள் தண்ணீர் பிடிக்கிற தாமிர ஹண்டாவில் பட்டு ஒடுக்கு விழுந்திருந்தது.

ஹவல்தார் நேராக மாவுஷி வீட்டு வாசலில் போய் நின்றார். இரண்டு வீட்டுக்கும் நடுவில் தகரத் தடுப்புதான். அந்தப் பக்கம் இருமினால் இந்தப் பக்கம் கேட்கும். மகளைப் பக்கத்தில் பிடித்துக்கொண்டு, முடிந்தது கதை என்று உட்கார்ந்திருந்தேன்.

அவள் ஆரம்பித்ததே, “அந்த மத்ராஸீணா? தோண்ட் கராப்! அவளை மாதிரி மோசமான வாய் இந்தக் கிர்க்கியிலேயே கிடையாது” என்றுதான். மத்ராஸீண் என்றால் மதராஸ்காரி, நான்தான். ஹண்டாவைக் கொண்டுவந்து ஒடுக்கைக் காட்டினாள். ஹவல்தார், “ஆள் எப்படி? ஆம்பளைங்க யாராவது வந்து போறாங்களா?” என்று கேட்டார்.

அவ்வளவுதான். மாவுஷி போட்ட சத்தத்தில் தகரம் அதிர்ந்தது. “என் வீட்டுப் பக்கத்துல அப்படி நடந்தா நான் சும்மா இருப்பேனா? எனக்கும் வாய் இருக்கு. இன்னொரு தடவை அந்தப் பேச்சுப் பேசினா உன் தொப்பியப் பிடுங்கிக் குழாயடியில போடுவேன். அவ சண்டைக்காரி. ஆனா பொய் சொல்ல மாட்டா, அடுத்தவ தண்ணிய ஒரு செம்பு தொட மாட்டா.”

புருஷன் செத்துவிட்டானா, இருக்கிறானா என்று அவர் கேட்டார். மாவுஷியின் குரல் சட்டென்று இறங்கிவிட்டது.

“அவன் போனத நான் பார்த்தேன். பெட்டியத் தூக்கிட்டுப் போறான். இவ பிள்ளைய இடுப்புல வச்சுக்கிட்டு ஸ்டேஷன் ரோடு வரைக்கும் பின்னாலயே ஓடினா. அவன் ஒரு தடவை திரும்பிப் பார்க்கல. இவ திரும்பி வந்து கதவச் சாத்திக்கிட்டா. மறுநாள் குழாயடிக்கு வந்து என்கூட சண்டை போட்டா. இதத்தான் நான் பார்த்தேன், எழுதிக்கோ.”

எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. நான் பின்னால் ஓடியதை உலகத்தில் யாருமே பார்க்கவில்லை என்று நினைத்திருந்தேன். இவள் பார்த்திருக்கிறாள். என் அம்மாவைத் திட்டியிருக்கிறாள், ஊரைத் திட்டியிருக்கிறாள், நிறத்தைத் திட்டியிருக்கிறாள். ஆனால் எங்கள் அத்தனை சண்டையிலும், ‘புருஷன் விட்டுட்டு ஓடினவதானே நீ’ என்று ஒரு தடவைகூட அவள் வாயிலிருந்து வந்ததில்லை. ஒரே வார்த்தையில் என்னைச் சாய்த்திருக்கலாம். அவள் அதை எடுக்கவே இல்லை.

மறுநாள் குழாயடியில் என்னவோ சொல்ல வாயெடுத்தேன். மாவுஷி முந்திக்கொண்டாள். “சாட்சி சொன்னேன்னு இடத்த விட்டுக் கொடுப்பேன்னு நினைக்காதே. கல்ல எடுத்தா கையை ஒடிப்பேன்.” நானும் விடவில்லை, கல்லை எடுத்தேன். ஒடுக்கு விழுந்த ஹண்டாவை மட்டும் நானே தூக்கிக்கொண்டு போய்ப் பஜாரில் தட்டி வாங்கிக் கொடுத்தேன்.

மாதக் கடைசிக்குள் பாஸ் வந்துவிட்டது. என் போட்டோவோடு அந்த அட்டையைக் கையில் வாங்கியபோது, குமாஸ்தா அண்ணாச்சி என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். “பிடிவாதக்காரிதாம்மா நீ” என்றார். நான் சேலையை உதறிச் செருகிக்கொண்டு, முதல் நாள் எல்லோருக்கும் முன்னால் கேட்டைத் தாண்டினேன்.

இதோடு முடிந்திருந்தால் இதை நான் எழுதியே இருக்க மாட்டேன். சில வருடங்கள் ஓடின. மகள் ஹைஸ்கூலுக்குப் போய்விட்டாள். ஒரு நாள் மத்தியானம் தையல் பகுதிக்குக் கேட்டிலிருந்து ஆள் வந்தது. யாரோ ஒருவர் உன் புருஷன் என்று சொல்லிக்கொண்டு வந்து நிற்கிறார், உண்மையா என்று கேட்டார்கள். போய் எட்டிப் பார்த்தேன். அவரேதான். கன்னம் ஒட்டி, முடி நரைத்து நின்றார். கேட்டில் இருந்த ஜவான், “உன் ஆள்தானா? உள்ளே பார்வையாளர் அறைக்கு அனுப்பட்டுமா?” என்றார்.

“ஆமா, என் புருஷன்தான்” என்றேன். “உள்ள விட வேண்டாம். சாயங்காலம் நானே வெளிய வருவேன், அது வரைக்கும் நிக்கட்டும்.”

வேலை முடிந்து வந்தபோது மர நிழலில் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்தார். கூட வந்த பெண்கள் எல்லோரும் நடையை மெதுவாக்கிக்கொண்டார்கள். கேட்கட்டும் என்று சத்தமாகவே கேட்டேன்.

“இத்தன வருசமா எங்க இருந்திய?”

“அங்கங்க இருந்தேன்” என்றார்.

“அப்ப அங்கங்கயே இரிங்க.”

அவருக்கு முகம் சுண்டிவிட்டது. என்னை ஒரு தரம் ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “என்னயச் செத்துட்டேன்னு எழுதிக் கொடுத்துத்தான இந்த வேலைய வாங்கியிருப்ப? நான் உள்ள போய்ச் சொன்னா என்ன ஆவும், தெரியும்லா?” என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்தது. “போய்ச் சொல்லுங்க. விட்டுட்டுப் போயிட்டாரு, எங்கன்னு தெரியாதுன்னுதான் எழுதியிருக்கேன். ஆபீசருக்கும் தெரியும், எங்க வரிசைக்கே தெரியும்” என்று சொல்லிவிட்டு ரயிலுக்கு நடந்தேன். பின்னால் யாரும் வரவில்லை. நானும் திரும்பிப் பார்க்கவில்லை. ரயிலில் ஜன்னலோரம் உட்கார்ந்த பிறகு கொஞ்சம் அழுதேன், அதையும் மறைக்கவில்லை.

‘ஒரு வார்த்தைதானே’ என்ற பேச்சை அன்றைக்குக் கேட்டிருந்தால், அந்த ஆள் என் சோற்றையும் என் மகளின் படிப்பையும் கையில் பிடித்துக்கொண்டு என்னை ஆயுசுக்கும் ஆட்டி வைத்திருப்பார். இன்றைக்கும் யாராவது என்னிடம் ‘சும்மா ஒரு பேச்சுக்கு அப்படி எழுதுங்களேன்’ என்றால், எனக்கு வருகிற கோபம் இருக்கிறதே, அது அந்த மத்ராஸீணின் கோபம்தான்.