இசபெல் கொடுக்க மறுத்த சீசா

மலாயாவில் மம்பாவுக்கு அப்பால் இருந்த ரப்பர் தோட்டத்தில், ஆஸ்பத்திரியில் கட்டுப்போட்டு மருந்து கொடுக்கும் ஆரோக்கியநாதனை எல்லோரும் நேரில் 'டிரெசரய்யா' என்று கூப்பிட்டார்கள். அவர் முதுகைத் திருப்பியதும் 'சீசா ஐயா' ஆகிவிடுவார்.

ஜப்பான்காரன் வருவதற்குள் வெள்ளைக்கார டாக்டர் சிங்கப்பூர் பக்கம் போய்விட்டதால், தோட்டத்து ஆஸ்பத்திரி முழுக்க இவர் கைக்கு வந்தது. முழுக்க என்றால் நாலு கட்டிலும் காலி அலமாரியும்தான். பிரஷர் பார்க்கும் கருவியின் ரப்பர் பை வெடித்துக் கிடந்தது. சுற்றிலும் கண்ணுக்கெட்டிய தூரம் ரப்பர் மரம், அந்தப் பையை ஒட்டத்தான் வழியில்லை.

ஆனால் கண்ணாடிக் குழாய்கள் மிஞ்சியிருந்தன. அது போதும் அவருக்கு. சண்டைக்கு முன்னால் தோட்டத் தொழிலாளர் குடியிருந்த லயத்தில் ஒரு பெண் பிரசவத்துக்கு முன்பே வலிப்பு வந்து அவர் கண்ணெதிரே இறந்துபோயிருந்தாள். முகமும் காலும் வீங்கியிருந்ததை எல்லோரும் பார்த்தார்கள், யாரும் அவள் சிறுநீரைப் பார்க்கவில்லை. அன்றிலிருந்து தோட்டத்தில் எந்தப் பெண் முழுகாமல் இருந்தாலும் வாரம் ஒருமுறை சீசாவோடு வந்தாக வேண்டும். குழாயில் ஊற்றி, மேல்பகுதியை விளக்கில் காட்டிச் சூடாக்குவார். ஸ்பிரிட் கிடைக்காத காலம், தேங்காயெண்ணெய் விளக்குத்தான். குழாய் கரிபிடிக்கும், அதைத் துடைத்துத் துடைத்து வெளிச்சத்தில் பார்ப்பார். கலங்கினால் இரண்டு சொட்டு காடி விடுவார். அதற்கும் கலக்கம் தெளியாவிட்டால் ஆபத்து. காடி, லோபாக்கில் மீரா சாஹிப் கடையில் ஊறுகாய்க்கு வைத்திருந்தது. டிரெசர் லயத்துப் பெண்களின் மூத்திரத்தில் ஊறுகாய் போடுகிறார் என்று பால்மரம் வெட்டப் போகிறவர்கள் வழியெல்லாம் சிரித்தார்கள்.

தோட்டமே கொடுத்த சீசாவைக் கொடுக்காதவள் ஒருத்தி இருந்தாள். அவர் மனைவி இசபெல்.

சிரம்பான் டவுனில் கான்வென்டில் படித்தவள், தையலில் கெட்டிக்காரி, வாய் அதைவிடக் கூர்மை. கல்யாணமாகிப் பல வருஷம் கழித்து முதல்முறையாக வயிற்றில் தங்கியிருந்தது. கட்டின புருஷனிடம் சீசாவைக் கொண்டுபோய்க் கொடுப்பது நாகரிகமில்லை என்பது அவள் கட்சி. அவர் விடவில்லை. காலையில் கேட்டார், கஞ்சி குடிக்கும்போது கேட்டார், ஜெபம் முடிந்து சிலுவை போட்ட கையோடு கேட்டார்.

கடைசியில் ஒருநாள் சீசா வந்தது. பக்கத்து வீட்டு மாரியம்மா, ஒரு துணியில் சுற்றிக் கொண்டுவந்து மேசையில் வைத்துவிட்டுப் போனாள். தண்ணீர் மாதிரி தெளிவு. அடுத்த வாரமும் அப்படியே. ஆரோக்கியநாதனுக்குப் பெருமை தாங்கவில்லை.

அதற்குள் இசபெல்லுக்குக் கால் வீங்க ஆரம்பித்தது. அந்தக் காலத்தில் கால் வீங்காதவர் யார்? அரிசி கிடையாது, மூன்று வேளையும் மரவள்ளிக் கிழங்கு. சத்தில்லாமல் ரத்தம் நீர்த்துப்போனால் தண்ணீர் சதைக்குள் இறங்கிவிடும் என்று அவரே லயம் லயமாகச் சொல்லிக்கொண்டு வந்தவர். சிறுநீர் சுத்தமாக இருப்பதால் இதுவும் பட்டினி வீக்கம்தான் என்று முடிவு கட்டி, மனைவிக்குத் தவிட்டை வறுத்துக் கொடுத்தார், எங்கெங்கோ அலைந்து வாத்து முட்டை கொண்டுவந்தார். இசபெல் முட்டையைச் சாப்பிட்டாள். தனக்கிருந்த தலைவலியைப் பற்றி மூச்சு விடவில்லை.

குட்டு உடைந்தது மாரியம்மாவால்தான். ஒரு காலையில் அவள் சீசாவை வைத்துவிட்டுத் திரும்பும்போது, ஆரோக்கியநாதன் அங்கே காத்திருந்த பெண்களிடம் குழாயைத் தூக்கிக் காட்டினார். எட்டு மாதத்தில் இப்படி இருக்க வேண்டும், கண்ணாடி மாதிரி இருக்கிறது பாருங்கள், இந்தத் தோட்டத்திலேயே இதுதான் முதல் தரம் என்றார்.

மாரியம்மாவை அதற்குமுன் யாரும் எதற்கும் புகழ்ந்ததில்லை. முகமெல்லாம் பூரித்துப்போய் அவள் சொன்னாள்:

"எனக்கு எப்பவுமே சுத்தம்தாங்க ஐயா."

சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்தாள். பெண்கள் சிரித்த சிரிப்பில் ஆஸ்பத்திரித் தகரக் கூரை அதிர்ந்தது. ஆரோக்கியநாதன் சிரிக்கவில்லை. கையிலிருந்ததை அப்படியே வைத்துவிட்டு வீட்டுக்கு நடந்தார்.

இசபெல் தையல் மெஷின் முன்னால் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஊசியில் நூல் கோர்த்திருக்கவில்லை. அவர் அதட்டுவதற்குத்தான் வந்தார், அவள் முகத்தைப் பார்த்ததும் பக்கத்தில் குனிந்தார். கண் இமை இரண்டும் உப்பியிருந்தன.

"கண்ணுக்கு முன்னால பூச்சி பூச்சியா பறக்குதுங்க," என்றாள் அவளே.

"எத்தனை நாளா?"

"இத்தனை வருஷம் கழிச்சு வந்தது. நீங்க பாத்துட்டு ஏதாவது சொல்லிடுவீங்களோன்னு பயம்," என்றாள்.

இந்த முறை சீசா நேராக அவர் கைக்கு வந்தது. விளக்கில் காட்டிய மாத்திரத்தில் மேல்பகுதி வெளுத்தது. காடி விட்டும் தெளியவில்லை. அவித்த முட்டையின் வெள்ளைக்கரு போலத் திரண்டு குழாயிலேயே நின்றது. ரத்தத்தில் இருக்க வேண்டிய சத்து சிறுநீரில் இறங்கிக்கொண்டிருந்தது. பட்டினி வீக்கத்தில் இப்படி இருக்காது. ஊரெல்லாம் ஓயாமல் பேசும் மனுஷன் வாயைத் திறக்கவில்லை. இசபெல் அதைப் பார்த்துத்தான் அழ ஆரம்பித்தாள்.

தோட்டத்து லோரியை ஜப்பான்காரன் எடுத்துக்கொண்டு போயிருந்தான். சிரம்பானுக்கு மரவள்ளி ஏற்றிப் போன மாட்டுவண்டியில், கிழங்கு மூட்டைகளுக்கு நடுவே பாய் விரித்து அவளைப் படுக்கவைத்தார்கள். வழியில் சோல்ஜர் மறித்தபோது ஆரோக்கியநாதன் இறங்கி இடுப்பு வளைய வணங்கினார். இசபெல்லால் இறங்க முடியவில்லை. சோல்ஜர் வண்டிக்குள் எட்டி அவள் முகத்தைப் பார்த்தான், பிறகு போகச் சொல்லிக் கை காட்டிவிட்டான். வண்டி வெகுதூரம் போன பிறகும் அவர் வணங்கிக்கொண்டே நின்றதாகவும், தான் கூப்பிட்ட பிறகுதான் ஓடி வந்ததாகவும் இசபெல் பின்னாளில் சொல்வாள். அவர் மறுப்பார்.

சிரம்பானில் டாக்டர் அவளை இருட்டு அறையில், சத்தமில்லாமல் படுக்கவைத்தார். உப்பை நிறுத்தினார். வலிப்பு வராமல் தடுக்க ஊசி போட்டார். குழந்தை வெளியே வந்தால்தான் இதற்கு விடிவு என்று சொல்லி, சில நாள் பார்த்துவிட்டு வலி வரவழைத்தார். தினமும் காலையில் நர்ஸ் எல்லோர் முன்னாலும் சீசாவை நீட்டினாள், கான்வென்டில் படித்த இசபெல் முணுமுணுக்காமல் வாங்கிக்கொண்டாள். வெளியே வராந்தாவில் ஆரோக்கியநாதன் அந்த நர்ஸை வழிமறித்து, கலங்கியதா, எவ்வளவு கலங்கியது, காடி விட்டீர்களா என்று கேட்டுக் கேட்டு, கடைசியில் அவருக்கு ஆஸ்பத்திரி வாசலைத் தாண்ட அனுமதியில்லை என்று ஆனது.

பெண் குழந்தை பிறந்தது. உள்ளங்கையில் அடங்கும்போல இருந்தது, அழுகை மட்டும் பெரிய குழந்தையின் அழுகை. வலிப்பு வரவில்லை. பெட்ரிசியா என்று பேர் வைத்தார்கள். நாளாக நாளாகத் தாயின் சிறுநீரும் தெளிந்தது.

சண்டை முடிந்த பிறகும் இசபெல் அந்தத் தோட்டத்தில்தான் இருந்தாள். லயத்துப் பெண்கள் யாராவது சீசா கொடுக்க வெட்கப்பட்டால் புருஷனை அனுப்பமாட்டாள், தானே போவாள். அவள் வாய்க்குப் பயந்து ஒருத்தியும் மறுத்ததில்லை. நாசுக்காகப் பேசுவாள் என்று மட்டும் யாரும் சொன்னதில்லை.

குழந்தையோடு சிரம்பான் ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பிய அன்று வண்டியைத் தோட்டத்து முச்சந்தியிலேயே நிறுத்தச் சொன்னாளாம். வீக்கம் வடிந்து கால் பழைய கால் ஆகியிருந்தது, அதை நாலு பேர் பார்க்க வேண்டுமே. சேலையை லேசாகத் தூக்கிப் பிடித்துக்கொண்டு லயத்தின் நடுவே நடந்தாள். பின்னால் ஆரோக்கியநாதன் ஒரு கையில் குழந்தையும் ஒரு கையில் குடையுமாக, மெதுவாகப் போகும்படி கெஞ்சிக்கொண்டே வந்தார். அவள் காதில் விழுந்ததாகத் தெரியவில்லை.