செத்துட்டு வந்துடறேன்

காலை ஒன்பதேகாலுக்கு ஏழுயிர் அக்கா முதல் தடவை சாகிறார். பாலத்திலிருந்து குதித்து. அடுத்தது தண்ணீரில் மூழ்கி. மூன்றாவதாக, தன் காலடியிலேயே ஒரு குண்டைப் போட்டுவிட்டு அது வெடிக்கும்வரை நகராமல் நின்று. ஒவ்வொரு சாவுக்குப் பிறகும் திரையின் மேல்மூலையில் ‘உயிரோடு இருப்பவர்கள்’ என்ற எண்ணைப் பார்ப்பார். ஒன்று குறைந்திருந்தால், கிழித்த நாட்காட்டித் தாளின் பின்பக்கம் ஒரு கோடு. ஏழு கோடு விழுந்த பிறகுதான் டீ.

அந்த மூன்றாம் மாடி அறைக்குப் புதிதாக வேலைக்கு வருகிற எல்லோருக்கும் அவரிடமிருந்து கிடைப்பது ஒரே வரவேற்புதான். சான்றிதழ் கோப்பை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, எங்கள் வீட்டில் முதல் பட்டம் என்னுடையது என்று சொல்லிக்கொள்ள ஆள் தேடி வந்த, இதை எழுதுகிறவனுக்கும் அதேதான். “வாங்க, உக்காருங்க. ஒரு நிமிஷம், செத்துட்டு வந்துடறேன்.”

வேலை என்னவென்றால், இணையத்தில் ஆடும் துப்பாக்கி ஆட்டம் ஒன்றைச் சோதித்துப் பார்ப்பது. ஒரு தீவில் அறுபது பேர் இறங்குவார்கள். ஒருவரையொருவர் சுட்டுக்கொண்டு, கடைசியில் யார் மிஞ்சுகிறாரோ அவருக்கு வெற்றி. இருபத்தைந்து நிமிடத்தில் முடிந்துவிடும். செத்தவனைச் செத்தவனாகச் சர்வர் எண்ணுகிறதா என்று பார்ப்பதுதான் அக்காவின் பொறுப்பு. சாயங்காலம் ஆட்டைப் பட்டியில் அடைக்கிறவர் வாசலில் நின்று எண்ணுவதுபோல. ஒன்று குறைந்தாலும் கதவைச் சாத்த முடியாது.

ஆறு வருடமாக அந்த நாற்காலியில் இருக்கிறார். இதுவரை யாரையும் சுட்டதில்லை. தன்னைச் சுடுகிறவனுக்கு “நல்லா குறி பாத்தப்பா” என்று தட்டச்சுவார். மேசைக்கடியில் செருப்பைக் கழற்றி, கால்களை நாற்காலிக் கம்பியில் ஏற்றிக்கொண்டு உட்காருவார். சாப்பாட்டு வேளையில் விசைப்பலகையின் மேல் ஒரு கைக்குட்டை. பஸ் பட்டறையில் வேலை செய்யும் கணவர் தினமும் மத்தியானம் போன் பண்ணுவார். “என்ன பண்றே?” “அஞ்சு ஆச்சு, இன்னும் ரெண்டு இருக்கு. நெட்டு சரியில்ல.” “சரி, அதுக்குள்ள சாப்பிட்டுடு. வெறும் வயித்துல சாகாத.” இந்தப் பேச்சுக்கு இரண்டு பேருமே சிரிப்பதில்லை.

அக்காவுக்கு இன்னொரு பெருமையும் உண்டு. ஆட்டத்தைத் தமிழில் கொண்டுவந்தபோது திரையில் வரும் சொற்களையெல்லாம் அவரைத்தான் எழுதச் சொன்னார்கள். ‘எதிரி அருகில்’, ‘தோட்டா தீர்ந்தது’, ‘ஓடு’. நூற்றுப் பன்னிரண்டு சொற்கள். ஒரு வெள்ளைத்தாளில் அழகாக எழுதிக் கொடுத்தார். அந்தத் தாளைத் தன் மகளின் தமிழாசிரியையிடம் கொண்டுபோய்க் காட்டி, ஒற்றுப்பிழை இல்லை என்று கையெழுத்து வாங்கி வந்தவர் அவர்.

தமிழ் வந்தது ஒரு திங்கட்கிழமை. வியாழனுக்குள் ஐந்து ஆட்டங்கள் முடியாமல் நின்றுபோயின. எல்லோரும் செத்தாயிற்று, ஒரே ஒருவர் தீவில் தனியாக அலைகிறார், எண்ணோ ‘2’ என்றே நிற்கிறது. மற்ற மொழிகளில் இந்தத் தொல்லை இல்லை. சர்வரைப் பார்த்துக்கொள்ளும் பூட்டுக்காரர், எந்தக் கதவுக்கும் சாவி தன் கழுத்துப்பட்டையில்தான் தொங்கவேண்டும் என்று இருப்பவர், ஐந்தையும் வெட்டிவிட்டார். வெட்டினால் ஆட்டமே நடக்காததுபோல ஆகிவிடும். வெற்றி யாருக்கும் இல்லை.

அந்த வியாழன் பதினொன்றரைக்கு ஆறாவது புகார் வந்தது. “ஐயா, ஆட்டம் முடிய மாட்டேங்குது. ஒன்பதரையிலிருந்து ஆடுகிறேன். அறுபது பேரில் ஐம்பத்தெட்டு பேர் போய்விட்டார்கள். வெளியே போனால் தோல்வி என்று போடும். நான் கடை திறக்க வேண்டும். ஆவன செய்யவும்.” கீழே ஒரு போன் எண்ணும், ‘தையல்காரர்’ என்ற சொல்லும்.

“வெட்டிடலாம் அக்கா” என்றார் பூட்டுக்காரர். அக்காவைவிட நான்கு வயது மூத்தவர், ஆனாலும் அக்கா என்பார். “எப்படியும் ரெண்டு மணிக்குச் சர்வரைக் கழுவி விடறேன். இருக்கறதெல்லாம் போயிடும்.”

“இருங்க சார். அந்த மனுஷனைக் கேட்டுக்கறேன்.”

போனில் தையல் இயந்திரத்தின் சத்தம் முதலில் வந்தது. குரல் பிறகு.

“சொல்லும்மா. கடையத் திறந்துட்டேன். போனு மெஷின் மேல நிக்குது, காலு மிதிக்குது. அப்பப்ப எட்டிப் பாத்துக்கறேன்.”

“இதுவரைக்கும் எத்தனை தடவை ஜெயிச்சிருக்கீங்கண்ணே?”

“எங்கம்மா! ரெண்டு வருஷமா ஆடறேன். ஒரு தடவைகூட இல்ல. என் பொண்ணுதான் சொல்லிக் குடுத்தா, வேற ஊர்ல நர்ஸா இருக்கா. காலையில அவ டியூட்டிக்குப் போறதுக்கு முன்னாடி ஒரு ஆட்டம். பேசுன மாதிரியும் ஆச்சு, சுட்ட மாதிரியும் ஆச்சு.” இயந்திரம் நின்றது. “இன்னிக்குதாம்மா கடைசி வரைக்கும் வந்தேன். இதை வெட்டிடுவீங்களா?”

அக்கா நாட்காட்டித் தாளைத் திருப்பி, ‘ஊசிநூல்’ என்று எழுதிக்கொண்டார். அது தையல்காரரின் ஆட்டப்பெயர்.

அடுத்த ஒரு மணி நேரம் அவர் டீகூடக் குடிக்கவில்லை. அந்த ஆட்டத்தின் பதிவேட்டை முதல் வரியிலிருந்து வாய்விட்டுப் படித்தார். அப்படித்தான் படிப்பார், பந்தியில் விட்டுப்போன ஆளைத் தேடுகிறவர் மாதிரி. “இவன் செத்தான். இவன் செத்தான். இவனைச் சுட்டவனும் செத்தான், நல்லது. ‘ஊசிநூல்’ இருக்காரு. இது யாரு, ‘கடைக்குட்டி’? சாகல. போகவும் இல்ல. ‘காத்திருப்பு’ன்னு போட்டிருக்கே.”

ஆட்டத்தைவிட்டு எழ இரண்டு பட்டன்கள் உண்டு. ஒன்று ஒரேயடியாக விலக. அதை அழுத்தினால் எண்ணில் ஒன்று குறையும். இன்னொன்று, அவசரமாக எழுந்துபோய்த் திரும்பி வர. அதை அழுத்தியவர் வரும்வரை குண்டும் படாது, நெருப்பும் தொடாது, கண்ணுக்கும் தெரியமாட்டார். சர்வர் அவர் இடத்தை வைத்துக்கொண்டு காத்திருக்கும். யார் பத்து நிமிடத்துக்கு மேல் போகப்போகிறார்கள் என்று அதற்குக் கெடு எதுவும் வைக்கவில்லை. இவற்றுக்கு அக்கா வைத்த தமிழ் சின்னது, பட்டனுக்குள் அடங்குவது. முதலாவது, ‘போறேன்’. இரண்டாவது, ‘வரேன்’.

அக்கா மறுபடி போனை எடுத்தார்.

“அண்ணே, ‘கடைக்குட்டி’ உங்களுக்குத் தெரியுமா?”

“என் பொண்ணும்மா அது! கடைசியா நாங்க ரெண்டு பேரும்தான். டியூட்டிக்கு நேரமாச்சுன்னு கிளம்பிட்டா. எண்ணு குறையலன்னதும், எங்கயோ ஒளிஞ்சு நின்னு விளையாட்டு காட்டறாளோன்னு தீவு பூரா தேடிட்டேன்.”

“கிளம்பும்போது ‘போறேன்’னு அழுத்தலயா?”

தையல்காரர் அதிர்ந்துபோனார். “என்னம்மா பேசறீங்க? எந்தப் பொண்ணு அப்பன்கிட்ட ‘போறேன்’னு சொல்லும்? ‘வரேம்பா’ன்னுதான் சொல்லிட்டுப் போனா.”

அக்கா போனைக் காதிலேயே வைத்துக்கொண்டு, நாட்காட்டித் தாளில் ‘போறேன்’, ‘வரேன்’ என்று எழுதிப் பார்த்தார். பிறகு திங்கள் முதல் யார் யார் எந்தப் பட்டனை அழுத்தினார்கள் என்று எடுத்தார். செத்த பிறகு வெளியேறுவதற்குப் பட்டன் வேண்டாம். உயிரோடு எழுந்து போகிறவர்கள் சிலபேர்தான். ‘வரேன்’ அழுத்தியவர்கள் இருபத்துமூன்று பேர். பதினேழு பேர் திரும்பி வந்திருந்தார்கள். ஆறு பேர் வரவில்லை. நின்ற ஆட்டங்களும் ஆறு.

‘போறேன்’ பதினொரு தடவை அழுத்தப்பட்டிருந்தது. பதினொன்றும் சோதனைக்காக அவரே அழுத்தியவை.

“சார்” என்றார். பூட்டுக்காரர் திரும்பினார். “சர்வர் சரியாத்தான் இருக்கு. அது நம்ம வார்த்தையை நம்பிக் காத்துக்கிட்டிருக்கு. தப்பு என்னோடது. நூத்திப் பன்னெண்டு வார்த்தை எழுதினேன், ஒத்துப்பிழை பாத்தேன். வீட்டுல வாசப்படி தாண்டும்போது நான் என்ன சொல்றேன்னு பாக்கல.”

“அதான் தெரிஞ்சுபோச்சே. அந்தப் பொண்ணை நாமளே வெளியே எடுத்துடலாமே?”

“எடுத்தா?”

பூட்டுக்காரர் தலையைச் சொறிந்தார். “‘நிர்வாகம் முடித்தது’ன்னு விழும். ஜெயிச்சது செல்லாது.”

ஆகவே அந்தப் பெண்ணே வந்து அழுத்தவேண்டும். அவள் போனோ வார்டுக்கு வெளியே அலமாரியில். சாப்பாட்டு இடைவேளை ஒன்றரைக்கு. ஒன்று முப்பத்தெட்டுக்கு அவளே கூப்பிட்டாள், அப்பா அனுப்பிய பத்துத் தகவல்களையும், அவற்றிலிருந்த அக்காவின் எண்ணையும் பார்த்துப் பதறிப்போய். அக்காவுக்கு இடது காதில் அப்பா, வலது காதில் மகள்.

“ஒண்ணுமில்ல பாப்பா. ஆட்டத்தைத் தொற. ‘போறேன்’னு ஒரு பட்டன் இருக்கும், அதை அழுத்து. அப்பா ஜெயிச்சிடுவாரு.”

மகள் பட்டனைத் தேடினாள். “அக்கா, இதை அழுத்துனா அப்பா போன்ல என் பேரைப் போட்டு ‘போறேன்’னு வருமா?”

“வரும்.”

“வேணாங்கா. அவரு ஒத்தையில இருக்காரு. வாய் வருமா? நீங்க சொல்லுவீங்களா உங்கப்பாகிட்ட?”

அக்கா சொல்லமாட்டார்.

“நான் உள்ள வந்து அவரு முன்னாடி நிக்கறேன். சுடச் சொல்லுங்க.”

அக்காவின் திரையில் தீவு விரிந்தது. ஒரு கிணற்று மேட்டருகே ‘ஊசிநூல்’ நின்றிருந்தார். அவருக்குப் பத்தடி எதிரே, காற்றிலிருந்து பிரிந்து வந்ததுபோல ‘கடைக்குட்டி’ தோன்றி, துப்பாக்கியைக் கீழே போட்டாள்.

“சுடுங்கண்ணே” என்றார் அக்கா இடது பக்கம்.

“கைய வீசிக்கிட்டு நிக்கற புள்ளயவா?”

“பொம்மைதாண்ணே அது!”

“தெரியும்மா. நானும் ரெண்டு வருஷமா நூறு பேரைச் சுட்டிருக்கேன். அவ பக்கம் திருப்புனதில்ல. அவளா பாலத்துல இருந்து குதிக்கறதையும் என்னால பாக்க முடியாது.”

வலது காதில், “அப்பா, எனக்கு பிரேக்கு முடியப்போகுது, சுடுப்பா!” இடது காதில், “நீ மொதல்ல சாப்டியா?” ஒருவர் பேச்சு மற்றவருக்குக் கேட்காது. அக்காதான் இந்தக் காதில் வாங்கி அந்தப் பக்கம் சொல்லிக்கொண்டிருந்தார். சாப்பிடலயாம். ஏன் சாப்பிடலன்னு கேக்கறாரு. மணி ஒன்று ஐம்பது. பூட்டுக்காரர் கைக்கடிகாரத்தைத் திருகித் திருகிப் பார்த்தார். அவரும் இப்போது வெட்டுகிற பேச்சை எடுக்கவில்லை.

“என்னதான் பண்றதுண்ணே?” என்றார் அக்கா. “பட்டனு தப்பாப் போச்சு. நான் வச்ச பட்டன்.”

“அதுக்கா இவ்வளவு வருத்தம்?” என்றார் தையல்காரர், மிகச் சாதாரணமாக. “பட்டன் தப்பா வச்சா பிரிச்சிட்டு வேற வைக்கறதுதானே.”

அக்கா இரண்டு போனையும் மேசைமேல் வைத்தார். “சார், சாவி.”

“இப்பவா? எல்லார் போன்லயும் மாறிடும் அக்கா. மேல கையெழுத்து வாங்காம…”

“நான் எழுதினது. நான் பிரிக்கறேன்.”

பூட்டுக்காரர் கழுத்துப்பட்டையைக் கழற்றினார். அவர் அதைக் கழற்றி அந்த அறையில் யாரும் பார்த்ததில்லை. சாவி அட்டையைத் தொட்டதும் சொற்பட்டியல் திறந்தது. ‘வரேன்’ இருந்த இடத்தில் அக்கா ‘இருங்க, இதோ வந்துடறேன்’ என்று அடித்தார். ‘போறேன்’ என்பதை அழித்து, வேறு இரண்டு சொல் அடித்தார். இரண்டுமே பட்டனுக்குள் அடங்கவில்லை. எழுத்தைச் சிறிதாக்கினார்.

“பாப்பா, இப்பப் பாரு.”

“அய்யோ, மாறிடுச்சுக்கா!” என்று சிரித்தாள் மகள். அழுத்தினாள்.

தையல் இயந்திரத்தின் மேல் நின்ற போனில் இப்படி வந்திருக்கும்: ‘கடைக்குட்டி: போயிட்டு வரேன்.’ இரண்டு, ஒன்றானது. தீவில் வாண வேடிக்கை வெடித்தது. மணி ஒன்று ஐம்பத்தாறு. இடது பக்கப் போனிலிருந்து, “சரிம்மா, பாத்துப் போயிட்டு வா” என்ற குரல் மட்டும் கேட்டது. ஜெயித்ததைப் பற்றி அவர் பேசியது அதற்கு இரண்டு நிமிடம் கழித்து. பேச ஆரம்பித்தவர் நிறுத்தவில்லை.

பிழைக் குறிப்பை அக்காவே எழுதினார். ‘காரணம்’ என்ற இடத்தில், “சோதித்தவர் தன் வீட்டு வாசலில் பேசும் தமிழைச் சோதிக்கவில்லை” என்று இருக்கிறது. மேலிடத்தில் கையெழுத்து இல்லாமல் கைவைத்ததற்கு ஒரு விளக்கக் கடிதமும் கொடுத்தார். அதில் பூட்டுக்காரர், ‘சாவி கொடுத்தது நான்’ என்று தானாக ஒரு வரி சேர்த்துக்கொண்டார்.

அக்கா இப்போதும் அதே மூன்றாம் மாடியில், அதே நாற்காலியில்தான் இருக்கிறார். காலையில் ஏழு சாவு, ஏழு கோடு, டீ. இப்போது சாயங்காலம் கூடுதலாக ஒன்று. ஆறு மணிக்கு யாருமில்லாத ஒரு தீவில் தனியாக இறங்குவார். ‘போயிட்டு வரேன்’ என்று வாயால் சொல்லிக்கொண்டே அந்தப் பட்டனை அழுத்துவார். மேல்மூலையில் ஒன்று, பூஜ்யமாகிறதா என்று பார்த்துவிட்டு, அதற்கப்புறம்தான் காலால் துழாவிச் செருப்பை மாட்டுகிறார்.