முத்திரை வாங்காத விண்ணப்பம்

தாம்பரத்தில் கிளம்பும் எட்டேகால் ரயிலில் எனக்கு ஜன்னலோர இடம் பிடித்து வைப்பவர் ஒருவர் இருந்தார். இரும்புலியூர்க்காரர்; பல்கலைக்கழக அலுவலகத்தில் எழுத்தர். ஆறு வருடங்கள் அவர் போட்டு வைத்த கைக்குட்டையை எடுத்துக் கொடுத்துவிட்டுத்தான் உட்கார்ந்தேன். பதிலுக்கு என் செய்தித்தாளில் சுடோகு அவருக்கு. முடித்ததும் கீழே ஒரு சுருக்கொப்பம் கிறுக்குவார்.

பத்திரிகை வேலையை விட்டு ஒரு கல்லூரியில் ஆசிரியராகச் சேர எனக்கு உத்தரவு வந்தது. என் முதுகலைப் பட்டம் வெளிமாநிலத்தில் வாங்கியது. அது இங்குள்ள பட்டத்துக்கு இணையானது என்று அவர் வேலை பார்க்கும் பல்கலைக்கழகம் சான்று தர வேண்டும். மூன்று மாதத்துக்குள் கொடுக்காவிட்டால் வேலை பட்டியலில் அடுத்தவருக்கு.

"தபால்ல அனுப்பாதீங்க சார், கட்டோட கட்டா கெடக்கும். என்கிட்ட குடுங்க, நேரா செக்‌ஷன்ல சேத்துடறேன்" என்றார். பல்லாவரம் தாண்டும்போது உறையைக் கொடுத்தேன். பெற்றுக்கொண்டதற்கு முத்திரை கேட்கவில்லை. தினமும் இடம் பிடித்துத் தருபவரிடம் எப்படிக் கேட்பது?

பிறகு விசாரிக்கும்போதெல்லாம், "ஃபைல் வந்துகினே கீது சார்" என்று மெட்ராஸ் பாஷையில் இழுப்பார். பெட்டியில் எல்லோரும் சிரிப்பார்கள். நானும்தான். இரண்டு மாதம் போனது.

மேற்குத் தாம்பரத்தில் ஒரு பெண் வழக்கறிஞரைப் பார்த்தேன்.

"தாமதத்துக்கு ரிட் போடலாம் சார். இத்தனை வாரத்துல முடிவெடுங்கன்னு கோர்ட் சொல்லும். விண்ணப்பம் போய்ச் சேர்ந்ததுக்கு அத்தாட்சி?"

"தெரிஞ்சவர்கிட்ட கொடுத்தேன்."

"தெரிஞ்சவரை மனுவோட பின் பண்ண முடியாதே சார்."

தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்கச் சொன்னார். பதில் வந்தது: தங்கள் விண்ணப்பம் ஏதும் இவ்வலுவலகத்தில் பெறப்படவில்லை. அதிகாரியின் கையெழுத்துக்குக் கீழே, இடது மூலையில், வரைவு எழுதியவரின் சுருக்கொப்பம். அதை நான் ஆறு வருடங்களாக சுடோகுவின் கீழே பார்த்திருக்கிறேன்.

மறுநாள் ரயிலில் கடிதத்தைக் காட்டினேன். அவர் மறைக்கவில்லை.

"பதிவு பண்ணினா என் பேர்ல நிலுவை ஏறும் சார். மாசக் கடைசியில கணக்கு கேக்கறாங்க. அதான் டிராயர்ல வெச்சேன். வேற ஆளா இருந்தா பயந்திருப்பேன். நீங்க தப்பா நினைக்க மாட்டீங்கன்னு தெரியும்."

கல்லூரி ஒரு மாதம் கூடுதலாகத் தந்தது. புதிய விண்ணப்பத்தை ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் அனுப்பி, அட்டை திரும்பிய பிறகும் வழக்கறிஞர் சொன்ன நாட்கள் காத்திருந்து, மனு போட்டோம். நான்கு வாரத்தில் முடிவெடுக்க உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. நான்காவது வாரம் சான்று வந்தது. அதற்குள் பட்டியலில் அடுத்தவர் கல்லூரியில் பாடம் நடத்திக்கொண்டிருந்தார்.

அந்த வாரம் ரயிலில் கைக்குட்டை வழக்கமான இடத்தில் கிடந்தது.

"வந்துடுச்சா சார்? நான்தான் மேல எடுத்துட்டுப் போய்க் கையெழுத்து வாங்கினேன்" என்றார்.

நான் கம்பியைப் பிடித்து நின்றேன். குரோம்பேட்டையில் ஏறிய ஒரு அம்மா கைக்குட்டையைப் பார்த்துவிட்டு, "ஆள் வராங்களா?" என்று என்னைக் கேட்டார்.

"இல்லை, உட்காருங்க" என்றேன்.