டாக்டர் லூர்துநாதன் செத்த கதை

லூர்துநாதன் அதுவரை செத்த சாவுகளுக்கெல்லாம் குழி தோண்டியிருந்தால் டொராண்டோவில் வீடு கட்ட இடமிருந்திருக்காது. பாண்டிச்சேரியில் பிறந்து, பிரெஞ்சுக் குடியுரிமையோடு பாரிசுக்குப் போய், பதினெட்டு வருஷம் நாடகத்திலும் சினிமாவிலும் நடித்தவர். நடிப்பு என்றால் சாவதுதான். அரபுக்காரன் சாகவேண்டுமா, மெக்சிகோக்காரன் சாகவேண்டுமா, கூப்பிடு லூர்துநாதனை! ஒரே படத்தில் இரண்டு தடவை சுட்டார்கள். நடுவில் ஒரு மீசையை ஒட்டிவிட்டார்கள், அவ்வளவுதான். வாய் திறந்து ஒரு வசனம் பேசியதில்லை.

மனைவி மதலேனுக்கு டொராண்டோவில் நர்ஸ் வேலை கிடைத்ததால் இருவரும் இங்கே வந்தார்கள். ரொட்டிக் கடையில் மாவு பிசைந்துகொண்டிருந்தவரை, 1976 ஜனவரியில் ஒரு சின்ன பிரெஞ்சு நாடகக் குழு கூப்பிட்டது. டாக்டர் வேஷம். கடைசிவரை உயிரோடு இருப்பார்! குண்டடி பட்டவனின் நாடியைப் பிடித்து, கடைசி வசனத்தையும் அவரே சொல்வார்: "உயிர் இருக்கிறது. ஜன்னலைத் திறங்கள்!"

"பதினெட்டு வருஷமா நீங்க சாவுறதத்தான் பாத்தேன். ஒரு தடவ பேசுறத பாத்துட்டா போதும்ங்க," என்றாள் மதலேன். பாரிசில் அத்தனை வருஷம் இருந்தும் அவளுக்குப் பிடிபட்ட பிரெஞ்சு, வணக்கமும் ரொட்டியும்தான். ஆனால் சமையலறையில் அவர் கத்திக் கத்தி, அந்த வசனம் அவளுக்கே மனப்பாடமாகிவிட்டது.

ஒத்திகையில் துப்பாக்கி வெடிக்கவில்லை. வெடிமருந்தை மிச்சம் பிடிக்க யாராவது கை தட்டுவார்கள். ஞாயிற்றுக்கிழமை பிற்பகல், நாடகத்தன்றுதான் முதல் முறையாக நிஜச் சத்தம் கேட்டது.

டமார்!

லூர்துநாதன் நெஞ்சைப் பிடித்தார். மூன்று சுற்றுச் சுற்றினார். நாற்காலியைச் சாய்த்துக்கொண்டு பொத்தென்று விழுந்தார். பதினெட்டு வருஷப் பழக்கம் சும்மா விடுமா? சுடப்படவேண்டிய வில்லன் திருதிருவென்று விழித்துவிட்டு, வேறு வழியில்லாமல் தானும் பக்கத்தில் படுத்துக்கொண்டான்.

சபை இதையும் நாடகம் என்றே நம்பியது. மதலேனோடு வந்திருந்த யாழ்ப்பாணத்துத் தர்மலிங்கத்துக்குத்தான் பொறுக்கவில்லை. "அண்ணை, உது மற்ற ஆளுக்கு வச்ச வெடியெல்லோ!"

மதலேன் எழுந்தே நின்றுவிட்டாள். "என்னாங்க! எழுந்திரிங்க! சுட்டது உங்கள இல்ல! இன்னும் பேசவே இல்லியே நீங்க!"

டாக்டர் ஒரு கண்ணைத் திறந்தார். முன்வரிசையில் மனைவி முகம். மெதுவாக எழுந்து, கோட்டைத் தட்டிவிட்டு, வில்லனின் நாடியைப் பிடித்தார். பிறகு கூரை அதிரச் சொன்னார் அந்த வசனத்தை. சனம் சிரித்த சிரிப்பில் ஒன்டாரியோ ஏரியின் பனிக்கட்டி விரிசல் விட்டிருக்கும். மதலேன் மட்டும் சிரிக்கவில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

திரும்பும்போது டிராமில் லூர்துநாதன் தலை நிமிரவேயில்லை.

"மானம் போச்சு மதலேன்."

"போனா போவுது. இன்னொரு தடவ சொல்லுங்க."

"இங்கயா?"

"இங்கதான்."

எழுந்து நின்று, கம்பியைப் பிடித்துக்கொண்டு, முழங்கினார். பின்சீட்டில் பிரெஞ்சு தெரிந்த ஒரு கிழவர் இருந்திருக்கிறார். பதறிப்போய் எழுந்து ஜன்னலைத் திறந்துவிட்டார். கொட்டுகிற பனியெல்லாம் உள்ளே வந்தது.