படத்தில் சிரித்த அம்மா

போன வருஷம் மழைக்காலம். போர்ட் பிளேரில் டெய்ரி ஃபார்ம் என்கிற எங்கள் ஏரியாவில், தெரு ஹாலில் ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நடந்தது இது.

வெள்ளைக்காரன் தன் ஆட்சியில் எல்லாரும் சுகமாக இருப்பதாக ஊரை நம்ப வைக்கக் குட்டிக் குட்டிப் பிரச்சாரப் படங்கள் எடுத்தான் இல்லையா, அதில் சிலது இப்போது இன்டர்நெட்டில் கிடைக்கிறது. அந்தப் புளுகை நாலு பேருக்குக் காட்ட வேண்டும் என்று நான்தான் ஏற்பாடு செய்தேன். அவற்றைப் பார்த்தாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒரு படம் இலங்கைத் தேயிலைத் தோட்டம் பற்றியது. திரையில் துரை குதிரையில் வந்ததும், முன்னால் உட்கார்ந்திருந்த ஐயா ஒருவர் தோள் துண்டை எடுத்துவிட்டு, சடாரென்று எழுந்து நின்றுவிட்டார்! அந்த மாதிரித் தோட்டத்தில் பிறந்து, வாலிபத்தில் இங்கே ரப்பர் தோட்ட வேலைக்கு வந்தவர்.

“பைட்டியே அங்கிள், உக்காருங்க, மறைக்குது!” என்று பின்னால் கத்தினார்கள்.

“துரை வந்தா ஒடம்பு தானா எந்திரிச்சிருது” என்று முன்பல் இடைவெளி தெரிய அவரே சிரித்தார். ஹாலே சிரித்தது.

அடுத்து, கொழுந்து பறிக்கும் பெண்கள் கேமராவைப் பார்த்துச் சிரித்தார்கள். ஐயாவின் சிரிப்பு சட்டென்று நின்றது.

“நிறுத்துங்க மகளே! அந்த ஓரத்துல நிக்கிற பொம்பளை...”

நிறுத்தினேன். அவளுக்கும் அதே முன்பல் இடைவெளி. ஐயாவுக்கு விவரம் தெரியும் முன்பே அம்மா இறந்துவிட்டாராம். ஒரு போட்டோகூடக் கிடையாது. ‘உனக்கு உங்கம்மா பல்லு’ என்று அப்பா சொன்னது ஒன்றுதான் அவரிடம் மிச்சம்.

படத்தில் இங்கிலீஷில் என்ன பேசுகிறான் என்று கேட்டார். இவர்களுக்கு ஒரு குறையும் இல்லையாம் என்றேன், வாய் கூசியது.

“சிரிக்கலன்னா அரைப்பேருதான் போட்டிருப்பாங்க” என்றார். தோட்டத்தில் அரைப்பேர் என்றால் பாதிக் கூலி. அவர் சாதாரணமாகத்தான் சொன்னார்.

எந்தத் தோட்டம் என்று படத்தில் எங்கேயும் இல்லை. “உங்க அம்மாவா இல்லாமலும் இருக்கலாம் ஐயா” என்று தயங்கித் தயங்கிச் சொன்னேன்.

“இல்லாட்டி வேற ஒரு புள்ளைக்கு அம்மாதானே? அவன் பேச்சை மட்டும் எடுத்துட்டுக் குடுங்க.”

சத்தத்தை எடுத்துவிட்டு, அவர் போனில் ஏற்றிக் கொடுத்தேன். இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

அந்தப் படங்கள் மேல் என் கோபம் இன்றும் தணியவில்லை. ஆனால் இப்போதெல்லாம் முதலில் சத்தத்தை நிறுத்திவிட்டு, அதில் நிற்கிறவர்களின் முகத்தைத்தான் பார்க்கிறேன்.