பிரிஜெட்டுக்கு வந்த பெட்டி

காலை எட்டு மணிக்குப் பாடை கட்ட மூங்கில் வந்தது. எட்டேகாலுக்குச் சவப்பெட்டி வந்தது. இரண்டும் மங்களத்துக்குத்தான்.

மூங்கில் கொண்டுவந்தவர் நீலசந்திராவில் மங்களத்தின் பக்கத்து வீட்டுக்காரரான பழனிச்சாமி. பெட்டியோடு டெம்போவில் வந்து இறங்கியவர் ரிச்சர்ட்ஸ் டவுன் சில்வெஸ்டர்.

"யாருக்கு சார் பெட்டி?"

"பிரிஜெட்டுக்கு."

"இங்க எந்த பிரிஜெட்டும் சாவல. செத்தது எங்க மங்களக்கா."

"உனக்கு அக்கான்னா எனக்குத் தங்கச்சிப்பா. ஒம்பது வருஷம் எங்க வீட்ல இருந்துச்சு."

மங்களத்தின் மகள் அனுஷா கேட்டுக்கொண்டிருந்தாள். மென்பொருளில் பிழை தேடுவது அவள் வேலை. முந்தின நாள் மாலை அம்மா இறந்ததிலிருந்து அவள் அழவில்லை.

படுக்கையில் கிடப்பவர்களைப் பார்த்துக்கொள்வது மங்களத்தின் தொழில். அவள் வேலை பார்த்த தொம்மலூர் வீட்டில் மருமகள் பெயரும் மங்களா. எஜமானி பெயரைச் சொல்லி வேலைக்காரியை அதட்ட முடியுமா? முதல் நாளே இவளை ரத்னம்மா ஆக்கிவிட்டார்கள். தொண்ணூற்றொன்று டிசம்பர் கலவரத்தில் தமிழர்களைத் தேடிக் கன்னடக் கும்பல் வந்தபோது, நாலு தமிழ்க் குடும்பங்களைத் தன் வீட்டுக்குள் வைத்துப் பூட்டிவிட்டு, வாசலில் அவரைக்காய் ஆய்ந்துகொண்டு உட்கார்ந்தாள். மாலூர்க்காரி ரத்னம்மாவிடமே ஊர் கேட்கிறீர்களா என்று கன்னடத்தில் அவள் போட்ட சத்தத்தில் கும்பல் நகர்ந்துவிட்டது. உள்ளே இருந்தவர்களில் பழனிச்சாமியும் ஒருவர்.

பிரிஜெட் கதை மட்டும் அனுஷாவுக்குத் தெரியாது. பன்னிரண்டு வயதில் ரிச்சர்ட்ஸ் டவுன் தெருவில் "அம்மா" என்று கூப்பிட்டாள். சக்கர நாற்காலி தள்ளிப்போன அம்மா திரும்பிப் பார்க்கவே இல்லை. அது இன்றுவரை ஆறவில்லை.

"பிரிஜெட் என் தங்கச்சி, கல்யாணம் ஆவாமலே செத்துப்போயிட்டா," என்றார் சில்வெஸ்டர். "அப்புறம் எங்கம்மாவுக்குப் புத்தி தடுமாறிடுச்சு, சாப்பாடே எறங்கல. உங்கம்மா வந்த அன்னிக்கு எங்கம்மா அது கையப் புடிச்சுக்கிட்டு, 'பிரிஜெட், எங்கடி போனே?'ன்னு கேட்டாங்க. 'பஸ்ஸு லேட்டும்மா'ன்னுச்சு உங்கம்மா. அன்னிக்குத்தான் எங்கம்மா சாப்பிட்டாங்க."

கல்யாணமாகாத பிரிஜெட்டை ஒரு பிள்ளை 'அம்மா' என்று எப்படிக் கூப்பிடும்? அனுஷா சுவரில் சாய்ந்தாள்.

"பொதைக்கிறதா, எரிக்கிறதா? மத்தியானத்துக்குள்ள எடுக்கணும். நீ சொல்லு பாப்பா," என்றார் பழனிச்சாமி.

"ஞாயித்துக்கெழம தவறாம பூசைக்கு வரும்மா அது," சில்வெஸ்டர் குரல் கெஞ்சியது. "ஜெபமாலை முழுக்கத் தெரியும். நான் ஃபாதர்கிட்ட பேசிக்கிறேன்."

அனுஷா கான்வென்டில் படித்தவள்; பூசையில் ஃபாதர் தரும் அப்பமான நன்மையை ஞானஸ்நானம் பெற்றவர்கள்தான் வாங்குவார்கள் என்று தெரியும். "நன்மை வாங்குவாங்களா அங்கிள்?" என்றாள்.



"இல்லம்மா. வீல்சேரத் தள்ளிக்கிட்டு ஃபாதர் முன்னால வரைக்கும் வரும். எங்கம்மா வாயத் தொறந்ததும் ஒரு அடி பின்னால போயிடும். ஏம்மான்னு ஒரு நாள் கேட்டேன். 'உங்கம்மாவுக்கு நான் பிரிஜெட்டுண்ணா. ஆண்டவருக்கு நான் யாருன்னு தெரியுமில்ல?'ன்னு சொல்லுச்சு."

அனுஷாவுக்கு அப்போதுதான் அழுகை வந்தது. வெகுநேரம் அழுதாள். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"எரிச்சிடலாம் அங்கிள்."

சில்வெஸ்டர் தலையாட்டினார். பெட்டியைத் திருப்பி எடுத்துப்போகச் சொல்லி டெம்போக்காரரை அனுப்பினார். ஆனால் தான் மட்டும் போகவில்லை.

"ஒரு பக்கம் நான் தூக்கலாமாப்பா?"

பழனிச்சாமி அவரை மேலும் கீழும் பார்த்தார்.

"கோட்டக் கழட்டிட்டு முன்னால வாங்க சார். என் ஒசரம்தான் இருக்கீங்க."